பதினேழாம் பக்கம்

மார்ச் 2

மதிப்பிற்குரிய அக்காவுக்கு,

அலுவலகத்திலிருந்து உங்களுக்கும் அந்தப் படிவம் வந்திருக்கும். அப்பா இறந்துவிட்டதாகப் பிள்ளைகள் ஒப்புக்கொள்வதற்கு மூன்று வரி, கீழே கையெழுத்துக்கு இடம். இரண்டு பேரில் ஒருவர் போட்டாலே போதும் என்று விசாரணை அதிகாரி சொன்னார். முப்பத்தொன்றாம் தேதிக்குள் அனுப்பினால் விசாரணையை மூடிவிடுவார்களாம். நீங்கள் போட மாட்டீர்கள் என்று தெரியும். நான் போடலாம் என்று இருக்கிறேன்.

அதற்கு முன் ஒன்று கேட்க வேண்டும். பதினோரு மாதமாகக் கேட்காமல் வைத்திருந்தேன். போன ஏப்ரல் பன்னிரண்டாம் தேதி நீங்களும் அப்பாவும் நிலையத்துக் கம்பங்களில் அளவு எடுக்க மூட்டத்துக்குள் போனீர்கள். இருவர் இடுப்பிலும் பட்டை, நடுவில் ஒரே கயிறு. மூன்று நாள் கழித்து நீங்கள் மட்டும் வெளியே வந்தீர்கள். கயிறு அறுந்திருந்ததா என்று அதிகாரியிடம் கேட்டேன். "அறுபடலப்பா, முழுசா இருக்கு. அந்தப் பக்கத்துப் பட்டைதான் கழட்டி இருந்துச்சு" என்றார்.

நான் லிஃப்ட் மெக்கானிக். காலை முதல் மாலை வரை கம்பியும் கொக்கியும்தான் என் பிழைப்பு. கொக்கி தானாகக் கழன்றது என்று யாராவது சொன்னால் எனக்குச் சிரிப்புதான் வரும். ஒரு கை பட்டால்தான் அது கழலும். உள்ளே இருந்தது இரண்டு பேர். முப்பது வருஷம் அந்த வேலை பார்த்த அப்பா நடுவழியில் பட்டையைக் கழற்றியிருக்க மாட்டார். மீதி யார் என்று நீங்களே சொல்லுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் தம்பி


மார்ச் 7

தம்பிக்கு,

'நீங்கள்' என்று பார்த்ததும் வேறு யாருடைய கடிதமோ என்று உறையைத் திருப்பிப் பார்த்தேன். ஆறு வருஷம் நகரத்தில் இருந்ததில் மரியாதை வந்துவிட்டது போல. 'நீ' என்றே எழுது. கொலைகாரி என்று நினைக்கிறவளுக்கு எதற்கு மரியாதை.

நீ மூட்டத்துக்குள் வந்ததே இல்லை என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன். நிலையத்து வாயிலுக்கு அப்பால் அந்தப் பள்ளம் முழுக்க வெள்ளையாக நிற்கிறதே, அது பனி இல்லை, புகையும் இல்லை. ஏன் அங்கே நிற்கிறது என்று எந்தப் படித்தவருக்கும் தெரியவில்லை. உள்ளே நடப்பவருக்கு நேரம் மெதுவாக ஓடும். ஓர் இடத்தில் நின்றுவிட்டால் ஏறக்குறைய நின்றே போகும். எனக்கு முன்னால் இங்கே வேலை பார்த்த ஒருவர் ஐந்தாம் கம்பத்தருகே கால் வலிக்கிறது என்று உட்கார்ந்தார். இரண்டு வருஷம் கழித்து வெளியே வந்தார். அவருடைய பிளாஸ்கில் டீ சூடாக இருந்தது. "என்னப்பா, அதுக்குள்ள கேட்ல ஆள மாத்திட்டீங்களா" என்று கேட்டாராம். அப்பாவுக்கு இன்னும் பசிகூட எடுத்திருக்காது.

அதனால்தான் வாயிலில் மாட்டியிருக்கும் சங்கு. காலை ஆறு முதல் மாலை ஆறு வரை மணிக்கு ஒருமுறை நானே போய் ஊதுகிறேன். அந்த வெள்ளைக்குள் வழி தவறாமல் போவது சத்தம் ஒன்றுதான். அது காதில் விழுந்தால் நிற்பவர் இந்தப் பக்கம் திரும்பலாம். நீ கையெழுத்துப் போட்டால் மறுநாளே சங்கைக் கழற்றி, நிலையத்தையும் பூட்டிவிடுவார்கள். அந்தப் படிவத்தில் இது எழுதியிருக்காது. அதனால் நான் எழுதுகிறேன்.

உள்ளே யாரும் தன் நினைவை நம்பக் கூடாது. அதற்காகத்தான் இரண்டு நோட்டு. அப்பா செய்வதை நான் ஒன்றில் எழுதுவேன். நான் செய்வதை அப்பா இன்னொன்றில் எழுதுவார். தன்னைப் பற்றித் தானே எழுதக் கூடாது என்பது சட்டம். உள்ளே நடந்தது மறந்துபோகிறது என்று வெளியே பேசிக்கொள்கிறார்கள். அப்பா அப்படிச் சொல்ல மாட்டார். "மறக்காதும்மா. எடம் மாறிப் போய் ஒக்காந்துக்கும்" என்பார். மூன்றாம் கம்பத்தில் நான் வழுக்கி விழுந்தது பள்ளி ஆண்டு விழா மேடையில் விழுந்ததாகத்தான் எனக்கு ஞாபகம். நான் எந்த மேடையிலும் ஏறியதில்லை என்பது உனக்கே தெரியும்.

நீ கேட்டதற்குப் பிறகு வருகிறேன். நானும் ஒன்று கேட்கிறேன். போன ஏப்ரல் பன்னிரண்டு முதல் பதினாறு வரை நீ எங்கே இருந்தாய்?

அக்கா


மார்ச் 10

அக்கா,

நான் ஒன்று கேட்டால் நீ என்னிடமே கேள்வியைத் திருப்புகிறாய். நல்ல சாமர்த்தியம். அந்த நாட்களில் எனக்குக் காய்ச்சல். அறையில் சுருண்டு கிடந்தேன். வேலைக்குப் போகாததற்கு விடுப்புச் சீட்டு இருக்கிறது, நகல் வேண்டுமா?

நோட்டு, சட்டம் என்று நீயே ஆரம்பித்ததால் சொல்கிறேன். நீ அப்பாவைப் பற்றி எழுதிய நோட்டை அதிகாரி என் முன்னால் வைத்தார். பதினெட்டாம் பக்கத்திலிருந்து ஆறு பக்கத்துக்கு உன் குண்டு எழுத்து. 'அப்பா நன்றாக நடக்கிறார். அப்பா தண்ணீர் குடித்தார். அப்பாவுக்கு அடி எண்ணிக்கை தவறுகிறது. வாயில் தெரிகிறது.' அதோடு முடிந்தது. இதை நம்பித்தான் வாயிலைச் சுற்றியே ஒரு மாதம் தேடினார்கள். வாயில் கண்ணுக்குத் தெரியும் தூரம் வரை நன்றாக நடந்து வந்த மனுஷன் எங்கே போனார்? வாயில்காரர் நீ தனியாக வந்ததாகத்தான் எழுதிக் கொடுத்திருக்கிறார்.

இன்னொன்று. அந்த நோட்டில் பதினேழாம் பக்கம் இல்லை. அதிகாரி ஈரத்தில் போயிருக்கும் என்கிறார். எனக்கு அப்படித் தெரியவில்லை. ஸ்கேல் வைத்து நேராகக் கிழித்திருக்கிறது. வீட்டில் யார் ஸ்கேல் வைத்துக் கிழிப்பார்கள் என்று எனக்கா தெரியாது? என் கணக்கு நோட்டில் பின்பக்கத்தைத் திருடும்போதுகூட நீ அப்படித்தான் திருடினாய்.

அப்பாவுக்கும் எனக்கும் ஆகாது என்று நீ எல்லோரிடமும் சொல்லியிருக்கிறாய். சண்டை போட்டது உண்மை. ஆனால் உனக்கே தெரிந்த ஒன்றை ஞாபகப்படுத்துகிறேன். ஆறு வருஷத்துக்கு முன் நான் வீட்டை விட்டுக் கிளம்பிய காலையில் பஸ் ஸ்டாண்டில் ஒரே பனி. எதிரே நிற்கும் பஸ்கூடத் தெரியவில்லை. எனக்குக் குளிரில் பல் கிட்டியது. அப்பா தன் கோட்டைக் கழற்றி எனக்குப் போட்டார். பொத்தான் மாட்டி, இடுப்பில் பெல்ட்டைக்கூட அவரே இறுக்கிவிட்டார். "நட, திரும்பிப் பாக்காத" என்றார். நீயும் இருந்தாய். முன்னால் நடந்துகொண்டே இருந்தாய், ஒரு தடவைகூட என் முகத்தைப் பார்க்கவில்லை.

அந்தக் கோட்டு என் கதவுக்குப் பின்னால் தொங்குகிறது. இந்த ஊர் வெயிலுக்குப் போட முடியாது. போட மனமும் வரவில்லை. அப்பாவுக்கு என் மேல் பாசம் இல்லை என்று சொல்கிறவர்களுக்குக் காட்டுவதற்காக வைத்திருக்கிறேன்.

தம்பி


மார்ச் 13

தம்பி,

அந்தக் கோட்டின் கழுத்துப் பகுதியில், உள்பக்கம், சிவப்பு நூலால் ஓர் எண் தைத்திருக்கும். அது என்ன எண் என்று பார்த்து எழுது. இந்தக் கடிதத்தை அதிகாரியிடம் காட்டாதே. கோட்டைத் துவைக்காதே, யாருக்கும் கொடுக்காதே.

அக்கா


மார்ச் 15

அக்கா,

ஏழு.

எதற்குக் கேட்கிறாய்? அதிகாரியிடம் காட்டாதே என்று எழுதியதும்தான் காட்ட வேண்டும் என்று தோன்றியது. இரண்டு தடவை அவர் அலுவலகத்துப் படி வரை போய்த் திரும்பிவிட்டேன். ஏன் திரும்பினேன் என்று எனக்கே விளங்கவில்லை.

படிவத்தை நிரப்பிவிட்டேன். கையெழுத்து மட்டும் பாக்கி. பதினேழாம் பக்கம் இருபத்தைந்தாம் தேதிக்குள் என் கைக்கு வராவிட்டால் போட்டு அனுப்பிவிடுவேன். உன் சங்கைப் பற்றி எனக்குக் கவலை இல்லை. ஊதி ஊதி நல்ல பிள்ளையாக நடிப்பது யாருக்கும் முடியும்.

தம்பி


மார்ச் 19

தம்பிக்கு,

நீ கேட்ட பக்கம் இந்த உறைக்குள் இருக்கிறது. அதைப் படிப்பதற்கு முன் இதைப் படி.

எண் தைத்த கோட்டுகள் நிலையத்துக்கு வந்து மூன்று வருஷம்தான் ஆகிறது. அதற்கு முன் இருந்தவற்றில் எண்ணே கிடையாது. நீ வீட்டை விட்டுப் போய் ஆறு வருஷம். வாயில் பதிவேட்டில் போன ஏப்ரல் பன்னிரண்டாம் தேதிக்கு நேராக, 'ஏழாம் எண் கோட்டு' என்று எழுதி அப்பா கையெழுத்துப் போட்டிருக்கிறார். அதாவது, உனக்கு அப்பா கோட்டுப் போட்டுவிட்டது பஸ் ஸ்டாண்டில் இல்லை. நீ கிளம்பிய அன்று அப்பா கோபத்தில் வழியனுப்பவே வரவில்லை. நானும் வரவில்லை. அன்று நல்ல வெயில்.

பதினைந்தாம் தேதி வெளியே வந்ததும் நான் ஒரு நாள் முழுக்கத் தூங்கினேன். எல்லோருக்கும் அப்படித்தான் ஆகும். எழுந்தபோது வாயில்காரர் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "அப்பா எங்கேண்ணே" என்றேன். "நீ கூட்டிட்டு வந்தது அப்பா இல்லம்மா. உன் தம்பி" என்றார். பன்னிரண்டாம் தேதி நாங்கள் உள்ளே போன பிறகு அவர் கதவைப் பூட்டாமல் டீ குடிக்கப் போயிருக்கிறார். அந்த நேரத்தில் நீ வந்திருக்கிறாய். யாரையும் கேட்காமல் உள்ளே இறங்கியிருக்கிறாய். வெளியே வந்ததும் அவரே உன் பட்டையைக் கழற்றி, தூக்கக் கலக்கத்தோடு உன்னைக் காய்கறி வண்டியில் ஏற்றி, விலாசம் எழுதிக் கொடுத்து அனுப்பிவிட்டார். நீ போட்டிருந்தது நிலையத்துக் கோட்டு என்பதைப் பதற்றத்தில் அவர் கவனிக்கவில்லை. வெளி ஆளை உள்ளே விட்டது தெரிந்தால் அவர் வேலை போய்விடும். "நான் சொல்ல மாட்டேன், நீயும் சொல்லாத" என்றார்.

அதன் பிறகுதான் என் நோட்டைப் பிரித்துப் பார்த்தேன். ஆறு பக்கம் 'அப்பா, அப்பா' என்று எழுதியிருக்கிறேன். தண்ணீர் குடித்தது நீ. அடி எண்ணத் தெரியாமல் திணறியதும் நீ. அப்பாவுக்கும் உனக்கும் வித்தியாசம் தெரியாமல் வாயில் வரை கூட்டி வந்திருக்கிறேன். இதை எழுதும்போதே வெட்கமாக இருக்கிறது.

பதினேழாம் பக்கத்தில் இருப்பது இவ்வளவுதான்: '9.40. நான்காம் கம்பம். பட்டை இல்லாமல் ஒருவர் நிற்கிறார். அப்பா அவரிடம் பேசுகிறார். 9.50. கொக்கி கழலும் சத்தம். 9.52. கொக்கி மாட்டும் சத்தம். 9.55. அப்பா திரும்பி நடக்கிறார்.'

மூன்றாவது ஆள் இருந்தார் என்று தெரிந்தால் உன்னைப் பிடிப்பார்கள். அதனால் கிழித்தேன். சந்தேகம் என் மேலேயே இருக்கட்டும் என்று விட்டேன். உன்னைக் காப்பாற்றத்தான் செய்தேன் என்று பெருமையாக எழுதலாம். பாதிதான் உண்மை. எனக்கு உன் மேல் சந்தேகம். அதற்கு இரண்டு வாரத்துக்கு முன்புதான் நீ அப்பாவுக்கு அந்தக் கடிதத்தை எழுதியிருந்தாய். 'நீங்கள் அவளுக்கு மட்டும்தான் அப்பா' என்று. அவர் அதை மடித்துச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தார். அந்தக் கோபத்தோடு வந்தவன் பட்டையைக் கேட்டு வாங்கினானா, பிடுங்கினானா? பதினோரு மாதமாக அதே சந்தேகம்தான். இந்த மாதம் வந்த உன் ஒவ்வொரு கடிதத்தையும், இவனுக்கு எல்லாம் ஞாபகம் இருந்தும் நடிக்கிறானோ என்றுதான் படித்தேன். இப்போதும் அப்படித்தான் படிப்பேன். அப்பாவே போட்டுவிட்டார் என்று உன் ஞாபகம் சொல்கிறது. அங்கே நடந்தது இடம்தான் மாறும், விஷயம் மாறாது என்று அப்பா சொல்வார். ஆனால் அதை யார் சோதித்துப் பார்த்தார்கள்?

வெறும் கையால் கயிற்றைப் பிடித்துக்கொண்டு வர முடியாதா என்று நீ கேட்கலாம். உள்ளே முதலில் மறப்பது கைதான். பிடித்ததை விட்டுவிட்டு, விட்டது தெரியாமலே இருக்கும். பட்டை அதற்காகத்தான்.

ஒரே ஒரு வழி இருக்கிறது. கோட்டின் இடது அக்குளுக்குக் கீழே, உள்துணியில், பொத்தான் வைத்த ஒரு பை இருக்கும். வெளியே தெரியாது. ஈரம் படாமல் இருக்க நோட்டை நாங்கள் அங்கேதான் வைப்போம். அப்பா என்னைப் பற்றி எழுதிய நோட்டு இதுவரை கிடைக்கவில்லை. பார். இருந்தால் அப்படியே அனுப்பு. இல்லாவிட்டால் இல்லை என்று எழுது. நீ என்ன எழுதினாலும் நான் நம்பியாக வேண்டும். அதுதான் பயமாக இருக்கிறது.

அக்கா


மார்ச் 24

அக்கா,

நான் தனியாகப் பையைத் திறக்கவில்லை. திறந்து, ஏதாவது பக்கத்தைக் கிழித்துவிட்டு, இதுதான் இருந்தது என்று அனுப்பினேன் என்று நீ நினைப்பாய். உன்னைச் சொல்வானேன், நானே என்னை அப்படி நினைக்க ஆரம்பித்துவிட்டேன். வீட்டுக்காரம்மாவைக் கூப்பிட்டேன். "நீங்களே எடுங்கம்மா, நீங்களே படிங்க" என்றேன். அவர் கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு வந்தார்.

அதற்கு முன் அவரிடம் என் காய்ச்சலைப் பற்றிக் கேட்டேன். "காய்ச்சலா? நீ எங்கயோ ஊருக்குப் போயிட்டு வந்தியேப்பா. காய்கறி வண்டியில வந்து ரெண்டு பேர் கைத்தாங்கலா எறக்கி விட்டாங்க. கொளுத்துற வெயில்ல இந்தக் கோட்டு வேற" என்றார். இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்றேன். "நீ கேக்கலியே" என்றார். குடித்துவிட்டு வந்ததாக நினைத்து, கேட்டால் வருத்தப்படுவேன் என்று விட்டுவிட்டாராம்.

நோட்டு இருந்தது. அப்பாவின் கையெழுத்து. அந்த அம்மா எழுத்துக் கூட்டிப் படித்தார். கடைசிப் பக்கத்தை அவர் படித்தபடியே எழுதுகிறேன். ஓரத்தில் அந்த அம்மாவின் கையெழுத்தும் இருக்கிறது, மூல நோட்டை இதோடு அனுப்புகிறேன், பார்த்துக்கொள்.

'9.40. நான்காம் கம்பம். மகள் நலம். வந்திருக்கும் தம்பியை அவளுக்கு அடையாளம் தெரியவில்லை. பையனுக்குத் தான் யார் என்றே தெரியவில்லை, குளிரில் நடுங்குகிறான்.

9.50. மகள் அளவை எழுதிக்கொண்டிருக்கிறாள். அவள் பார்க்காதபோது கோட்டையும் பட்டையையும் பையனுக்குப் போட்டுவிட்டேன். என்னைப் பற்றி எழுதக் கூடாது. இது சட்டத்துக்கு விரோதம்.

9.53. மகள் அவனை அப்பா என்று கூப்பிடுகிறாள். நான் திருத்தவில்லை. திருத்தினால் என்னை விட்டு நகர மாட்டாள்.

9.54. மகள் கயிற்றை இழுத்துப் பார்த்தாள். கிளம்புகிறாள். நோட்டை இவன் பைக்குள் வைக்கிறேன். கயிற்றைப் பிடித்து வர எனக்கு இரண்டு கையும் வேண்டும்.'

இதோடு முடிகிறது. வீட்டுக்காரம்மா கண்ணாடியைக் கழற்றிவிட்டு எனக்குத் தண்ணீர் கொண்டுவரப் போனார். நான் அந்தக் கோட்டின் மேலேயே உட்கார்ந்து அழுதேன்.

அக்கா, அப்பா நமக்குப் பின்னால்தான் வந்திருக்கிறார். எனக்கு நேர் பின்னால். திரும்பிப் பார்க்காதே என்று சொன்னதால் நான் பார்க்கவில்லை. நான்காம் கம்பத்துக்கும் வாயிலுக்கும் நடுவில் எங்கேயோ அவர் கை விட்டுவிட்டது. விட்டது தெரியாமல், இன்னும் பிடித்திருப்பதாக நினைத்துக்கொண்டு அங்கே நின்றிருக்கலாம். உன் ஆறு பக்கத்தை நம்பி அவர்கள் வாயிலைச் சுற்றியே தேடினார்கள். பதினேழாம் பக்கம் இருந்திருந்தால் உள்ளே போயிருப்பார்கள். அது உன் தப்பு. யாரையும் கேட்காமல் நான் உள்ளே இறங்கியது என் தப்பு. இரண்டையும் அப்பாவிடமே சொல்லிக்கொள்வோம்.

அன்று ஏன் வந்தேன் என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. மன்னிப்புக் கேட்க வந்திருப்பேன் என்று நினைக்கத் தோன்றுகிறது. அப்படி நினைப்பது சுகமாக இருப்பதாலேயே அதை நம்ப முடியவில்லை.

படிவத்தில் கையெழுத்துப் போடவில்லை. உன் பதினேழாம் பக்கத்தையும் நோட்டின் நகலையும் அதிகாரியிடம் நேரில் கொடுத்துவிட்டேன். வாயில்காரருக்கு வேலை போகலாம், என் மேலும் உன் மேலும் வழக்கு வரலாம். அதிகாரி இரண்டையும் திரும்பத் திரும்பப் படித்தார். பிறகு, "சங்க நிறுத்தச் சொல்லி நான் இப்ப எழுதலப்பா. அவ்வளவுதான் என் கையில இருக்கு" என்றார். தேடும் ஆட்களை அனுப்ப அனுமதி வாங்க இரண்டு மாதம் ஆகுமாம்.

நான் இருபத்தெட்டாம் தேதி வருகிறேன், நாமே உள்ளே போவோம். பட்டறையில் லிஃப்ட் பெல்ட்டில் மூன்று பட்டை தைத்து, ஒரே கயிற்றில் கோத்து வைத்திருக்கிறேன். கொக்கியைக் கழற்ற இரண்டு பேர் சேர்ந்து அழுத்த வேண்டும், அப்படி அமைத்திருக்கிறேன். நீ முன்னால் நட. நான் கடைசியில் வருகிறேன். நடுவில் இருக்கும் பட்டை காலியாகப் போகும்.

திரும்பும்போது அதில் ஆள் இருக்கிறார் என்று நான் சொன்னால் நம்பாதே. நானும் ஆசைப்பட்டுச் சொல்வேன். நீ நின்று, பின்னால் வந்து, முகத்தைப் பார்த்துவிட்டு எழுது.

தம்பி